புழுவுக்கு எமன், பழத்துக்குக் காவல்!

அரிவாள்மணையில் உட்கார்ந்து பாகற்காய் நறுக்குகிறாள் வீட்டு அம்மாள். வெளியே பார்த்தால் பச்சைப் பசேல் என்ற காய். இரண்டாகப் பிளந்தால், உள்ளே வெள்ளை வெள்ளையாகப் புழு நெளிகிறது. "சீ, சனியன்!" என்று குப்பையில் எறிகிறாள்.

மறுநாள் காய்கறிக்காரருடன் சண்டை. அவர் மண்டிக்காரரைக் கை காட்டுகிறார். மண்டிக்காரர் தோட்டக்காரரைக் கை காட்டுகிறார். தோட்டக்காரர் என்ன செய்வார், பாவம்! "இன்னும் இரண்டு தடவை மருந்து அடித்தால்தான் சரிப்படும்" என்று விஷ மருந்து வாங்கக் கடைக்குப் போகிறார்.

இத்தனை பேர் இருந்தும், அந்தப் புழுவுக்குப் பிறகு என்ன ஆயிற்று என்று பார்த்தவர் ஒருவருமில்லை.

பார்த்திருந்தால் ஒரு விசித்திரம் தெரிந்திருக்கும். பழத்தில் இருக்கும் புழு, வளர்ந்தால் ஈயாக வேண்டும். ஆனால் எல்லாப் புழுவும் ஈயாவதில்லை. சில புழுக்கள் மண்ணில் கூடு கட்டி அடங்குகின்றன. சில நாட்களில் கூடு உடைகிறது. உள்ளிருந்து வருவது ஈ அல்ல. மெல்லிய இடையும் நீண்ட உணர்கொம்பும் உள்ள ஒரு சின்னஞ்சிறு குளவி!

ஈ எங்கே? அதைத்தான் குளவி தின்று தீர்த்துவிட்டதே!

இந்தக் குளவி, சம்பளம் வாங்காத காவல்காரன். இதைத் தேடிக் கடல் கடந்து ஆள் அனுப்பிய தேசம் ஒன்று உண்டு. இது தன் தோட்டத்தில் இருப்பதே தெரியாமல் மருந்தடித்துக் கொல்பவர்களும் உண்டு. இந்த அறியாமை தீர வேண்டும்.

உண்பதே வீட்டைத்தான்!

குளவி என்றதும் சுவரில் மண் கூடு கட்டும் குளவியை நினைத்துப் பயப்பட வேண்டாம். இது எறும்பு அளவே இருக்கும். மனிதரிடம் இதற்கு ஒரு வேலையும் இல்லை. பெண் குளவியின் பின்புறத்தில் மயிரிழை போல நீண்டிருப்பது முட்டையிடும் ஊசி. சில இனங்களில் அந்த ஊசி உடம்பை விட நீளம்.

பழ ஈ, காயின் தோலைத் துளைத்து உள்ளே முட்டையிடும். முட்டை பொரிந்து புழுவாகிச் சதையைத் தின்னும். காய் அழுகும். அழுகல் வாடை கிளம்பியதும் பெண் குளவி வந்து சேரும். காயின் மேல் மெல்ல நடக்கும். உள்ளே புழு அசையும்போது ஏற்படும் நுண்ணிய அதிர்வைக்கூடச் சில குளவிகள் கண்டுகொள்கின்றன. புழு இருக்கும் இடம் தெரிந்ததும் ஊசியை இறக்கும். புழுவின் உடலுக்குள்ளேயே ஒரு முட்டை!

புழு உடனே சாவதில்லை. வழக்கம் போலத் தின்று கொழுக்கிறது. மண்ணுக்குள் போய்க் கூடு கட்டுகிறது. அதுவரை குளவிக் குஞ்சு பொறுத்திருக்கிறது. புழு கூட்டுக்குள் அடங்கிய பிறகுதான் அதன் கைவரிசை. "உண்ட வீட்டுக்கு இரண்டகம்" என்று சொல்வார்கள். இங்கே உண்பதே வீட்டைத்தான்!

பேனும் உண்ணியும் கூட ஒட்டுண்ணிகள்தாம். ஆனால் அவை இரத்தத்தைக் குடிக்குமே தவிர, குடியிருக்கும் ஆளைத் தீர்த்துவிடுவதில்லை. குளவி அப்படியல்ல. ஒரு குளவி பிறந்தால், ஓர் ஈ செத்தது என்று அர்த்தம். தோட்டக்காரருக்கு இதைவிட நேர்மையான கணக்குப்பிள்ளை கிடைப்பானா?

கப்பலேறி வந்த காவல்காரர்கள்

இந்தக் கணக்கை நன்றாகப் புரிந்துகொண்டது ஹவாய். பசிபிக் மகாசமுத்திரத்தின் நடுவே இருக்கும் தீவுக் கூட்டம் அது. அங்கே பழ ஈக்கள் வந்தேறிகள். ஈ வந்தது, அதன் எதிரி கூட வரவில்லை. கேட்பாரில்லாத வீட்டில் திருடன் புகுந்த கதையாயிற்று.

பாகல், பூசணி முதலிய கொடிக் காய்களைத் தாக்கும் ஈ 1895-ம் ஆண்டை ஒட்டி அங்கே தலைகாட்டியது. மத்தியதரைக் கடல் பழ ஈ 1910-ல் தென்பட்டது. தீவெங்கும் காப்பி, ஆரஞ்சு, மா, கொய்யா. ஈக்குக் கொண்டாட்டம்!

ஹவாய் விவசாய அதிகாரிகள் இத்தாலிய நிபுணர் ஒருவரை நாடினார்கள். அவர் பெயர் பிலிப்போ சில்வெஸ்திரி. நேப்பிள்ஸ் நகருக்கு அருகே போர்ட்டிச்சியில் இருந்த விவசாயக் கல்லூரியின் பூச்சியியல் பேராசிரியர். "இந்த ஈயின் சொந்த நாட்டுக்குப் போங்கள். அங்கே அதை அடக்கி வைத்திருப்பது யார் என்று பார்த்து, அந்த ஆளை உயிரோடு கொண்டு வாருங்கள்" என்பதே அவருக்கு இட்ட பணி.

1912-ல் புறப்பட்ட சில்வெஸ்திரி, மேற்கு ஆப்பிரிக்கக் கரையோரமாகத் துறைமுகம் துறைமுகமாக அலைந்தார். புழு விழுந்த பழங்களைச் சேகரித்தார். தென் ஆப்பிரிக்கா, ஆஸ்திரேலியா வழியாக 1913-ல் ஹானலூலு போய்ச் சேர்ந்தார். கடல் கடக்கும் விமானப் பயணம் இல்லாத காலம். கப்பலில் பல வாரங்கள் அந்தச் சிறு ஜீவன்களுக்கு உயிர் காத்தது லேசான காரியமல்ல. உயிரோடு போய்ச் சேர்ந்தவை சொற்பம். ஆனால் அந்தச் சொற்பத்திலிருந்தே ஆப்பிரிக்கக் குளவி ஒன்றும் ஆஸ்திரேலியக் குளவி ஒன்றும் ஹவாயில் வேர் பிடித்துவிட்டன.

கொடிக் காய் ஈக்கு எதிரி எங்கே கிடைத்தது தெரியுமா? இந்தியாவில்! அந்த ஈக்கு இந்தியாதான் பிறந்தகம். ஆகவே அதன் எமனும் இங்கேதான் இருந்தது. டேவிட் புல்லவே என்ற ஹவாய் பூச்சியியல் நிபுணர் 1916-ல் அதைக் கொண்டுபோய் விட்டார். அந்தக் குளவிக்கு 'பிளெட்சர்' பெயரைச் சேர்த்து விஞ்ஞானப் பெயர் சூட்டியவர் அதே சில்வெஸ்திரி. பிளெட்சர், கோயமுத்தூரில் சென்னை மாகாண சர்க்காரின் பூச்சியியல் நிபுணராக இருந்தவர்; பிறகு பீகாரில் பூசா ஆராய்ச்சி நிலையத்தில் இந்திய சர்க்காரின் நிபுணரானார். தென் இந்தியப் பூச்சிகளைப் பற்றி 1914-ல் வெளிவந்த பெரிய புத்தகம் அவர் எழுதியதுதான்.

ஆக, இந்தியப் பாகல் பந்தலில் சும்மா பறந்துகொண்டிருந்த குளவியை, அந்நிய தேசத்தார் கப்பலேற்றிக் கொண்டுபோய் உபசரித்தார்கள்!

பெரிய பழமே ஈயின் கோட்டை

குளவிகள் போன இடமெல்லாம் வெற்றிதானா? இல்லை. அங்கேதான் யோசிக்க வேண்டிய விஷயம் இருக்கிறது.

காப்பிப் பழத்தில் ஆப்பிரிக்கக் குளவியும் ஆஸ்திரேலியக் குளவியும் சக்கைப் போடு போட்டன. காப்பிப் பழம் சிறியது, சதை மெலிது. புழு எங்கே ஒளிந்தாலும் குளவியின் ஊசி எட்டிவிடும். ஆனால் ஆரஞ்சிலும் மாம்பழத்திலும் கதை வேறு. சதை தடிமன். புழு ஆழத்தில் புகுந்துகொண்டால் ஊசி எட்டுவதில்லை.

இந்தியாவிலிருந்து போன குளவிக்கும் இதே கதிதான். ஹவாயில் காடாக மண்டிக் கிடந்த சிறிய காட்டுப் பாகலில் அது ஈயை நன்றாக அடக்கியது. தோட்டத்தில் பயிரிட்ட பெரிய காய்களில் அவ்வளவு ஜம்பம் சாயவில்லை.

பழம் பெரியதாக வேண்டும், சதைப்பற்று அதிகம் வேண்டும் என்று தலைமுறை தலைமுறையாக மனிதன் பொறுக்கி வளர்த்தான். சதையை வளர்த்தபோது ஈக்கு ஒரு கோட்டையையும் சேர்த்துக் கட்டிக் கொடுத்தான். பிறகு, "ஐயோ, புழு!" என்று கத்துகிறான். தவறு குளவியின் பேரில் இல்லை.

இந்தக் கோட்டையை உடைக்கும் குளவி ஒன்று பின்னால் அகப்பட்டது. இரண்டாவது உலக யுத்தம் முடிந்த சமயத்தில், 1945-46 வாக்கில், மூன்றாவதாக ஒரு பழ ஈ ஹவாயில் புகுந்தது. இது கீழ்த்திசைப் பழ ஈ. மா, கொய்யா, பப்பாளி எதையும் விடாது. மறுபடியும் நிபுணர்கள் நாடு நாடாகப் போனார்கள். வந்த குளவிகளில் மூன்று நிலைத்தன. முதலில் ஒன்று ஓங்கியது. அதை இரண்டாவது முந்தியது. 1950-க்குள் மூன்றாவது எல்லாவற்றையும் முந்திவிட்டது.

மலேயாப் பகுதியிலிருந்து வந்த அந்த மூன்றாவது குளவியின் ரகசியம் என்ன? புழு ஆழத்துக்குப் போகும்வரை அது காத்திருப்பதே இல்லை. தோலுக்கு அடியில் ஈ இட்ட முட்டையிலேயே தன் முட்டையை வைத்துவிடுகிறது! ஈ பிறக்கும் முன்பே அதன் தலையெழுத்து எழுதப்படுகிறது. பின்னாளில், 1996-ல் தாஹிதித் தீவில் அதே ஈ புகுந்தபோது, ஹவாயிலிருந்து இந்தக் குளவியை 2002 முதல் அனுப்பினார்கள். கொய்யாப் பழங்களிலிருந்து வெளிவரும் ஈக்கள் வெகுவாகக் குறைந்தன.

அவசரம் கெடுத்த காரியம்

இதைக் கேட்டதும், "அப்படியானால் உலகத்துக் குளவிகளையெல்லாம் கொண்டுவந்து விட்டுவிடலாமே!" என்று துள்ளுபவர்கள் உண்டு. அதுவும் தவறு.

சில்வெஸ்திரி கொண்டுவந்த இரண்டு குளவிகளையும் ஹவாயில் பெம்பர்ட்டன், வில்லார்ட் என்ற இரு ஆராய்ச்சியாளர்கள் கவனித்தார்கள். 1918-ல் தங்கள் முடிவை வெளியிட்டார்கள். ஒரே ஈப் புழுவுக்குள் இரண்டு குளவிகளும் முட்டையிட்டுவிட்டால் என்ன நடக்கும்? ஆஸ்திரேலியக் குஞ்சு ஆப்பிரிக்கக் குஞ்சைக் கொன்றுவிடும்! ஆனால் ஈயை அடக்குவதில் திறமைசாலி ஆப்பிரிக்கக் குளவிதான்; அதைத் தனியே விட்டிருந்தால் இன்னும் நல்ல பலன் கிடைத்திருக்கும் என்பது அவர்கள் முடிவு. இரண்டு காவல்காரர்களை வைத்தால் இரட்டைக் காவல் என்று நினைத்தார்கள். காவல்காரர்களோ ஒருவரை ஒருவர் வெட்டிக்கொண்டார்கள்.

இன்னொரு வேடிக்கை. ஹவாயில் உண்ணிச்செடி பெரிய களை. அதை அடக்குவதற்காக 1902-ல் மெக்ஸிகோவிலிருந்து ஓர் ஈயைக் கொண்டுபோய் விட்டிருந்தார்கள். அது செடியின் தண்டில் முடிச்சு உண்டாக்கிச் செடியை நலியச் செய்யும் நல்ல ஈ. பழ ஈக்காக வந்த ஆஸ்திரேலியக் குளவி, இந்த நல்ல ஈயின் புழுவையும் தாக்க ஆரம்பித்துவிட்டது! குளவிக்கு நல்ல ஈ, கெட்ட ஈ என்ற பேதம் தெரியுமா?

இந்தப் பாடம் இப்போது வீண் போகவில்லை. கிழக்கு ஆசியாவிலிருந்து பரவிய ஒரு சிறு பழ ஈ 2008-ல் கலிபோர்னியாவில் பிடிபட்டது. செர்ரி, ஸ்ட்ராபெர்ரி போன்ற பழங்களுக்கு அது பெரிய பீடை. அதற்கு எதிரியான குளவி கிழக்கு ஆசியாவில் இருப்பது தெரிந்தும், அமெரிக்க சர்க்கார் அவசரப்படவில்லை. வேறு எந்தெந்தப் பூச்சியைத் தாக்கும் என்று ஆராய்ச்சிக் கூடத்தில் பூட்டி வைத்துப் பல வருஷம் சோதித்தார்கள். 2021-ல்தான் வெளியில் விட அனுமதி கிடைத்தது. காலதாமதம் என்று சிலர் முணுமுணுத்தாலும், அதுதான் முறை. திறந்துவிட்ட குளவியைத் திரும்பக் கூண்டில் அடைக்க யாராலும் முடியாது.

"ஈ ஒழியவில்லையே!"

மருந்துக்காக வாதாடுபவர்களிடம் ஒரு பலமான கேள்வி இருக்கிறது. "நூறு வருஷத்துக்கு மேலாகக் குளவி விட்டும் ஹவாயில் ஈ ஒழிந்ததா?" என்பதே அது.

ஒழியவில்லை, உண்மைதான். குளவியால் ஈயை அடியோடு ஒழிக்க முடியாது. ஈ அற்றுப்போனால் குளவிக்குச் சாப்பாடு ஏது? அதன் வேலை அடக்கி வைப்பது, அழிப்பது அல்ல. அடியோடு ஒழிக்க நினைத்த ஜப்பான், ஓக்கினாவாத் தீவுகளில் வேறு வழியில் போயிற்று. ஆண் ஈக்களை மலடாக்கிக் கோடிக்கணக்கில் பறக்கவிட்டார்கள். 1972-ல் தொடங்கிய வேலை 1993-ல் முடிந்தது. கொடிக் காய் ஈ அங்கே ஒழிந்தது. ஆனால் அது சுற்றிலும் கடல் உள்ள தீவு. பணமும் நிறையச் செலவாயிற்று. அடுத்த கிராமத்து ஈ இந்தக் கிராமத்துக்கு வர வரப்புக் கூடத் தடையில்லாத தேசத்தில் அது எளிதில் நடக்கிற காரியமா?

சரி, மருந்து அடித்து ஈ ஒழிந்ததா? அதுவும் இல்லையே! காய்க்குள் இருக்கும் புழுவை மேலே அடிக்கும் மருந்து எளிதில் எட்டுவதில்லை. வெளியே நடமாடும் குளவிதான் முதலில் அகப்படுகிறது. கோட்டைக்குள் இருக்கும் திருடன் பத்திரம். வாசலில் நிற்கும் காவல்காரன் பலி! பிறகு ஈ பெருகினால், "மருந்து போதவில்லை" என்று இன்னொரு டப்பா. அந்த விஷம் கடைசியில் எங்கே வருகிறது? அரிவாள்மணைக்குத்தான்.

செய்ய வேண்டியது என்ன?

மருந்தே கூடாது என்று பிடிவாதம் பிடிப்பதில் பிரயோஜனமில்லை. விளைச்சல் போனால் விவசாயி வீட்டில் அடுப்பு எரியாது. ஆனால் முறை மாற வேண்டும்.

ஹவாயில் 2000-ம் ஆண்டை ஒட்டி நடந்த பெரிய பழ ஈ கட்டுப்பாட்டுத் திட்டத்தில் விவசாயிகளுக்கு ஒரு நல்ல யோசனை சொன்னார்கள். புழு விழுந்த காய் கனிகளைத் தோட்டத்திலேயே போட்டு வைக்காதே. பொறுக்கி எடுத்து ஒரு கூடாரத்துக்குள் போடு. கூடாரத்தின் மேலே ஒரு வலை. அதன் கண், ஈ வெளியேற முடியாத அளவு சிறியது. குளவி வெளியேறக்கூடிய அளவு பெரியது. உள்ளே பிறக்கும் ஈ உள்ளேயே சாகும். குளவி மட்டும் பறந்து தோட்டத்துக்குத் திரும்பும்! எவ்வளவு எளிய யுக்தி!

அழுகிய காயை ஆழக் குழி தோண்டிப் புதைப்பதும் நல்லதுதான். ஆனால் அதில் திருடனோடு காவல்காரனும் புதைகிறான். கூடாரத்தில் நல்லது கெட்டது பிரிகிறது.

அதே திட்டத்தில், தோட்டம் முழுவதும் மருந்து தெளிப்பதற்குப் பதிலாக, ஈ விரும்பும் தீனியில் மருந்து கலந்து அங்கங்கே சிறிது தெளித்தார்கள். ஆண் ஈயை வாசனையால் இழுக்கும் பொறிகளை மாட்டினார்கள். ஈதான் தீனியைத் தேடி வரும், வாசனைக்கு மயங்கும். குளவிக்கு அதில் நாட்டம் குறைவு. எதிரி சாக, நண்பன் பிழைக்க, இதுவே வழி.

தமிழ்நாட்டு விவசாய அதிகாரிகள் இதில் ஒரு காரியம் செய்யலாம். உள்ளூர் ஈக்கும் உள்ளூர்க் குளவிக்கும் எந்தக் கண் உள்ள வலை பொருந்தும் என்று சோதித்து, அந்த வலையைக் கிராமத்துக்கு ஒன்றாவது கொடுக்கலாம். அந்நிய தேசத்திலிருந்து குளவி வரவழைக்க வேண்டிய அவசியம் கூட இல்லை. கொடிக் காய் ஈயின் எமன் இந்த மண்ணின் பிரஜை அல்லவா?

தோட்டக்காரரும் மருந்துக் கடைக்குப் போவதற்கு முன் ஒரு சோதனை செய்து பார்க்கலாம். புழு விழுந்த நாலைந்து காய்களை ஒரு வாளியில், ஈர மணல் மேல் வைக்க வேண்டும். வாயை மெல்லிய துணியால் கட்டி நிழலில் வைக்க வேண்டும். இரண்டு மூன்று வாரத்தில் வெளியே வருபவற்றை எண்ணிப் பார்த்தால் போதும். ஈ எத்தனை? குளவி எத்தனை? பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளே இந்தக் கணக்கைப் போட்டுவிடுவார்கள். குளவி கணிசமாக இருந்தால், மருந்து அடிக்கும் கையைச் சற்று நிறுத்தி வைப்பது புத்திசாலித்தனம்.

ஆள் பலம் எவ்வளவு என்று பார்க்காமல் சொந்தப் படையின் மீதே பீரங்கி வெடிக்கிற தளபதி உண்டா? தோட்டத்தில் அதுதான் நடக்கிறது.

குளவி கூலி கேட்பதில்லை; உரம் கேட்பதில்லை; தண்ணீர் பாய்ச்சச் சொல்வதில்லை. மனு எழுதிப் போடவும் அதற்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அது கேட்கும் வரம் ஒன்றே ஒன்றுதான்:

"என்னைக் கொல்லாதீர்கள், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்!"